சென்ற காலத்துக்கு மீளுதல்

சென்றது மீளாது என்பதை நாம் அனைவரும் அறிவோம். ஆயினும், அதனை மீட்டுவிட வேண்டுமென்னும் ஆசை மனித உள்ளத்தை விட்டு நீங்குவதில்லை. காலங்கடந்து செல்வோர் கதையைப் புராணங்களும் பேசின. அதிமானுட வீரரைப் பற்றிய அசைவூட்டச் சித்திரப்படங்களும் இன்று பேசுகின்றன. அதற்கு அவர்கள் கொடுக்கும் விலை யாதென ஈண்டு நோக்குவோம்.

பாகவத புராணம் கூறும் ககுத்மி மன்னன், மகள் ரேவதிக்கேற்ற மணாளனை வினவப் பிரமலோகம் சென்றான். அங்கே அவன் கானங்கேட்டுக் காத்திருந்தது சிறிது நேரமே. பூவுலகிலோ 27 சதுர்யுகங்கள் கழிந்தன. அவன் மனத்திற் குறித்திருந்த மணாளர் மாத்திரமன்றி, அவர்தம் பேரர் பெயரும் மறைந்துபோயிற்று.

2013இல் ஜே ஒலிவாவின் நெறியாள்கையில் வெளிவந்த ‘ஜஸ்டிஸ் லீக்: த பிளாஷ்பொயின்ட் பரடொக்ஸ்’ என்னும் படத்தின் வீரன் பாரி அலன், எதிர்த்திசையிற் செல்கிறான். மின்னலென ஓடவல்ல அவன், தன் சிறுவயதிற் கொலையுண்ட தாயைக் காக்கக் காலத்தைப் பின்னோக்கி ஓடுகிறான். தாய் பிழைக்கிறாள், உலகமோ மாறிப் பெரும்போரில் அழிகிறது. அவ்வுலகில் சிறுவன் புரூஸ் வேய்ன் இறந்துபோக, தந்தை தோமஸ் ‘பாட்மன்’ ஆகிறார். தவற்றைத் திருத்தப் பாரி மீண்டும் ஓடித் தன்னையே தடுக்க வேண்டியதாகிறது. முதன்முறை தாயைக் கொலைஞன் பறித்தான். இரண்டாம் முறை மகனே கைவிடுகிறான். துயர் அழியவில்லை, துயரோடு பொறுப்பும் சேர்ந்தது.

இஃது எமது கரைக்குத் தொலைவான கதையன்று. 2004 டிசம்பர் 26, பூரணை தினமான ஞாயிறு காலை எழுந்த ஆழிப்பேரலை, அம்பாறை மாவட்டத்தில் மாத்திரம் 10,000 பேருக்கு மேற்பட்டோரைக் கொண்டுசென்றது. மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனை, சாய்ந்தமருது, காரைதீவு எங்கணும் தமிழரும் முஸ்லிம்களும் ஒருங்கே அழுதனர். “சற்று முன்னே அழைத்திருந்தால்! பிடித்த கையை விடாதிருந்தால்!” என்று தம்மையே நொந்துகொள்வோர் இன்றும் எம்மிடையே உளர். அவர்கள் மனத்தினால் நாள்தோறும் அக்காலைக்கு ஓடுகின்றனர். பாரிக்குக் காலத்தை மாற்றும் ஆற்றல் இருந்தது; ஆகவே பொறுப்பும் இருந்தது. அவ்வாற்றலே இல்லாதார்க்குக் குற்றம் ஏது?

படத்தின் முடிவில், தோமஸ் எழுதிய கடிதமொன்றைப் பாரி கொணர்ந்து, மீட்கப்பட்ட உலகில் உயிரோடிருக்கும் புரூஸிடம் கொடுக்கிறான். மகன் கண்ணீர் விடுகிறான். அழிந்த காலத்திலிருந்து வந்து சேர்ந்தது தந்தையின் உயிரன்று, தந்தையின் சொல்லே.

மாணவ மணிகளே! உங்கள் வீட்டுப் பெரியோர் அந்நாளைப் பற்றிப் பேசத் தொடங்கினால், அருகிருந்து முற்றுங் கேளுங்கள். மறைந்தோர் பெயரை மறவாது சொல்லுங்கள். “குற்றம் உங்களதன்று” என்னும் ஒரு சொல்லையும் தவறாது சொல்லுங்கள்.