கம்பி போனால் காடு போச்சா?

“ஈபிக்காரங்க நெனச்சா யார் காட்டுலயும் கம்பம் நடலாம், நாம ஒண்ணும் பண்ண முடியாது.” கொங்குப் பக்கத்துத் தோட்டங்களில் அடிக்கடி காதில் விழும் பேச்சு இது. பாதி உண்மை, அதனால்தான் பலர் வாய்திறக்காமல் இருந்துவிடுகிறார்கள்.

அந்தப் பாதியை முதலில் சொல்லிவிடுகிறேன். மின்சாரச் சட்டம் 2003, பிரிவு 164-இன் கீழ் ஒரு மின் நிறுவனத்துக்கு அரசு 1885-ஆம் ஆண்டுத் தந்திச் சட்டத்தின் அதிகாரங்களை வழங்கியிருந்தால், கோபுரம் நிறுத்த நிலத்துக்காரரின் முன்சம்மதம் தேவையில்லை. பவர் கிரிட் – செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் 2016-இல் உச்ச நீதிமன்றம் இப்படித்தான் தீர்ப்பளித்தது. தந்திச் சட்டத்தை 2023-ஆம் ஆண்டுத் தொலைத்தொடர்புச் சட்டம் நீக்கினாலும், மின்பாதைகளுக்கு உரிய பகுதியை மட்டும் விட்டுவைத்திருக்கிறது. ஆனால் நீங்கள் மறித்தால், நிறுவனம் மாவட்ட ஆட்சியரிடம் போய் உத்தரவு பெற வேண்டும். இந்த அதிகாரம் இல்லாத மின் உரிமதாரருக்கு, உரிமதாரர் பணிகளுக்கான 2006-ஆம் ஆண்டு விதிகள்தான்: முதலில் உங்கள் சம்மதம், நீங்கள் மறுத்தால் ஆட்சியரின் எழுத்துப்பூர்வமான அனுமதி. ஆகவே வேலைக்கு வருபவரிடம் கேளுங்கள்: “எந்தப் பிரிவுல வர்றீங்க? உத்தரவு நகல் எங்கே?”

“பக்கத்துக் காட்டுக்காரர் பணம் கட்டி லைனை மாத்துறார், நமக்கென்ன?” என்னை மிகவும் வருத்துவது இந்த நம்பிக்கைதான். மனை போடுகிறவர் லைனை மாற்றக் கேட்டுப் பணம் கட்டுகிறார். அவருடைய மனைகளுக்கு மேலே போன கம்பி வரப்பைத் தாண்டி அடுத்தவர் தென்னைகளுக்கு நடுவே வந்து நிற்கிறது. அவர் கட்டியது வேலைக்கான செலவு. உங்கள் மண்ணில் குழி தோண்ட அது அனுமதி ஆகாது. உங்களைப் பொறுத்தவரை அது புதுக் கம்பம். சம்மதமோ உத்தரவோ, இழப்பீடோ எல்லாமே முதலிலிருந்து தொடங்க வேண்டும். ஆட்சேபணையைக் குழி தோண்டும் முன்பே எழுதி, மின்வாரியப் பொறியாளரிடமும் ஆட்சியர் அலுவலகத்திலும் கொடுத்து ஒப்புகை வாங்கிவிடுங்கள். நட்ட கம்பத்தைப் பிடுங்க வைப்பது பெரும்பாடு.

பெரும்பாடுதான் என்றாலும், முடியாதது இல்லை. தந்திச் சட்டத்தின் பிரிவு 17-ஐப் பலரும் அறிவதில்லை. உங்கள் நிலத்தில் வீடு கட்டவோ வேறு வகையில் பயன்படுத்தவோ கம்பி குறுக்கே நின்றால், அதை அதே நிலத்தின் வேறு பகுதிக்கு மாற்றவோ உயர்த்தவோ கேட்கலாம். முன்பே இழப்பீடு வாங்கியிருந்தால், மாற்றும் செலவு அல்லது வாங்கிய இழப்பீட்டில் பாதி, இரண்டில் எது குறைவோ அதைக் கட்ட வேண்டும். அவர்கள் செய்யாவிட்டால் ஆட்சியரிடம் முறையிடலாம். 2006 விதிகளின் கீழ் நட்ட கம்பமானாலும், தகுந்த காரணம் காட்டினால் அகற்றவோ மாற்றவோ ஆட்சியர் உத்தரவிடலாம்.

“கோபுரம் வந்தா நிலம் அவங்களுக்குப் போயிடும்” என்பது முழுத் தவறு. நிறுவனத்துக்குப் பயன்படுத்தும் உரிமை மட்டுமே. பட்டா உங்களுடையதுதான்.

“பயிருக்கும் மரத்துக்கும் மட்டுந்தான் காசு” என்பதும் பழைய கதை. 66 கிலோவோல்ட்டும் அதற்கு மேலும் உள்ள கோபுரப் பாதைகளுக்கு, மத்திய மின் அமைச்சகம் 2015-இல் கோபுர அடிநிலத்துக்கு நில மதிப்பில் 85 சதவீதமும், கம்பிக்குக் கீழான வழித்தடத்துக்கு 15 சதவீதம் வரையும் பரிந்துரைத்தது. 2024 ஜூனில் அவை 200, 30 சதவீதமாக உயர்ந்தன. 400 கிலோவோல்ட் பாதையின் வழித்தடம் பல பத்து மீட்டர் அகலம். சிறு விவசாயிக்கு அது பாதித் தோட்டம். இவை வழிகாட்டுதல்கள், மாநிலம் ஏற்று ஆணையிட்டால்தான் கைக்கு வரும். ஊருக்குள் போகும் சாதாரணக் கம்பங்களுக்கு இவை பொருந்தாது.

கொடுத்த தொகை போதாது என்றால் தந்திச் சட்டத்தின் பிரிவு 16(3)-இன்படி மாவட்ட நீதிபதியிடம் மனு செய்யலாம். நிலம் இருக்கும் இடம், கம்பி எவ்வளவு பகுதியை அடைக்கிறது என்பவற்றையெல்லாம் பார்த்தே தொகை முடிவாக வேண்டும் என்று கேரள மின்வாரியம் – லிவிஷா வழக்கில் 2007-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அந்த மனுவுக்கு ஆதாரம் வேண்டும். ரம்பம் வரும் முன்பே கிராம நிர்வாக அலுவலரை வைத்து மரங்களை எண்ணி, வயதும் காய்ப்பும் குறித்து, படமும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். வெட்டிய பிறகு நாற்பது தென்னை நின்றது என்று சொன்னால், மிஞ்சிய அடிக்கட்டைகளை வைத்துத்தான் வாதாட வேண்டியிருக்கும்.