பெவர்லி கார்லண்ட்: எதை முதலில் பார்ப்பது?

பழைய ஹாலிவுட் திகில் படம் ஒன்றில் பெவர்லி கார்லண்ட் நடிப்பைப் பார்த்து அசந்துவிட்டேன். அவர் நடித்ததில் வேறு எதைப் பார்க்கலாம்?
– வாசகி, திருச்சி

கண்ணை மூடிக்கொண்டு 'டிகாய்' தொடரில் ஆரம்பியுங்கள். 1957இல் வந்தது, அரைமணி நேர எபிசோடுகள், மொத்தம் 39. அமெரிக்கத் தொலைக்காட்சியில் பெண் போலீஸை நாயகியாக்கிய முதல் தொடர் அதுதான். நியூயார்க் தெருக்களிலேயே எடுத்தார்கள். கேசி ஜோன்ஸாக வரும் பெவர்லி, கேமராவைப் பார்த்து நம்மிடமே பேசுவார். என்ன நிதானம் அந்தக் குரலில்!

அடுத்து, இயக்குநர் ரோஜர் கார்மனின் 'இட் கான்கர்ட் தி வேர்ல்ட்' (1956) படம். துப்பாக்கியைத் தூக்கிக்கொண்டு தனியாளாகக் குகைக்குள் போய் வேற்றுக்கிரக ஜந்துவை எதிர்ப்பார். ஜந்து நம்பும்படி இருக்காது. அவர் கோபம் அசல்.

சினிமா அவருக்குப் பெரிய வேடங்கள் தரவில்லை. டிவிதான் கடைசிவரை கைவிடாமல் வைத்துக்கொண்டது.