குறிஞ்சிக் கருப்பொருளும் ஆனைமலைக் காடரும்

எழுத்தையும் சொல்லையும் ஆராய்ந்ததோடு அமையாது, வாழ்க்கைப் பொருளையும் ஆராய்ந்து வகுத்தது தமிழிலக்கணத்தின் தனிச்சிறப்பு என்பர் அறிஞர். அப்பொருட் பகுதியில் நிலமும் பொழுதும் முதற்பொருள் எனப்படும். அவற்றைச் சார்ந்து தோன்றுவன கருப்பொருள் எனப்படும். கருப்பொருளைப் பதினான்காக வகுக்கும் நம்பியகப்பொருள், தெய்வம், புள், விலங்கு, மரம், பூ, நீர் என்பவற்றோடு, மக்களையும் அவர்தம் ஊரையும் உணவையும் தொழிலையும் ஒரே நிரலில் வைத்து எண்ணுகின்றது. மலையைப் பாடுமிடத்து மலைவாழ்நரை நீக்கிப் பாடும் வழக்கம் நம் முன்னோர்க்கு இல்லை.

இக்காலத்திலோ, காட்டைக் காக்க விரும்புவோர் அதன்கண் வாழும் மக்களை வெளியேற்றல் வேண்டுமா, உடன்வைத்தே காத்தல் கூடுமா என்பது தீராத வழக்காய் நிற்கின்றது. அவ்வழக்கை ஆனைமலையையும் ஆங்குறையும் காடரையும் சான்றாகக் கொண்டு ஈண்டு ஆராய்வாம்.

ஆனைமலைக் காடு

மேற்குத் தொடர்ச்சி மலையில், பாலைக்காட்டுக் கணவாய்க்குத் தெற்கே உயர்ந்து நிற்பது ஆனைமலை. ஆண்டு முழுதும் பசுமை மாறாத மழைக்காடுகளும், உச்சியிற் புல்வெளிகளும் அதன்கண் உள்ளன. யானை, புலி, வரையாடு, சோலைமந்தி, இருவாசிப் பறவை முதலியன ஆங்கு வாழ்கின்றன.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி தொடங்கி, ஆங்கில அரசாங்கத்தார் அம்மலைத் தேக்கைக் கப்பற்றுறைக்கும் இருப்புப் பாதைக்குமாக வெட்டிக் கொணர்ந்தனர். வெட்டிய மரங்களை மேட்டினின்றும் சரிவிலே வழுக்கி விட்ட இடமே இன்றும் டாப்ஸ்லிப் என வழங்குகின்றது. அந்நூற்றாண்டின் இறுதியில் வால்பாறைப் பக்கத்துக் காடுகள் காப்பிக்கும் தேயிலைக்குமாக அழிக்கப்பட்டன. எஞ்சிய காடு 1976-இல் வனவிலங்குப் புகலிடமாகவும், 2007-இல் புலிகள் காப்பகமாகவும் ஆயிற்று. காடர், மலசர், மலைமலசர், புலையர், முதுவர், எரவாளர் என்னும் பழங்குடி மக்கள் இக்காப்பகத்துள் வாழ்கின்றனர்.

காடர் வாழ்க்கை

காட்டினாற் பெயர் பெற்ற காடர், தமிழுக்கும் மலையாளத்துக்கும் நெருங்கிய ஒரு திராவிட மொழியைப் பேசுவர். முற்காலத்தில் அவர் உழுதுண்டு வாழ்ந்தவர் அல்லர். கிழங்கு அகழ்ந்தும், தேன் எடுத்தும், ஏலம், குங்கிலியம், மெழுகு முதலியவற்றைத் திரட்டிக் கீழ்நாட்டு வணிகர்க்கு மாற்றியும் வாழ்ந்தனர். நெடுமரங்களில் மூங்கில் முளைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அறைந்து ஏணிபோல ஏறும் அவர்தம் திறத்தை, எட்கர் தர்ஸ்டன் 1909-இல் வெளியிட்ட தென்னிந்தியக் குலங்களைப் பற்றிய நூலிற் காணலாம்.

இவ்வாழ்க்கை காட்டை அழியாமைக்குக் காரணம் யாது? காட்டையே உண்கலமாகக் கொண்டவன் அக்கலத்தை உடைப்பின் மறுநாள் பட்டினியாதல் திண்ணம். இவ்வாண்டு முழுதும் அகழ்ந்த கிழங்கு வரும் ஆண்டில் முளையாது. கூடு தாங்கும் மரத்தை வீழ்த்தினால் தேனீ மீளாது. ஆதலின் அளவறிந்து கொள்ளுதல் அவர்க்குத் தொழிலின் பகுதியே ஆயிற்று. இதனை வெறும் பற்றற்ற தன்மை என்று புகழ்தலினும், நுண்ணிய அறிவு என்று கூறுதலே பொருந்தும்.

இருவாசியின் காவலர்

அவ்வறிவு காட்டைக் காத்தற்கு எங்ஙனம் உதவும் என்பதற்கு இருவாசியே சான்று. இப்பறவை பழைய பெருமரத்துப் பொந்திலன்றிக் கூடு வையாது. பெண் பறவை பொந்தினுட் புகுந்து, எச்சம் முதலியவற்றால் வாயிலை அடைத்து, அலகு நுழையும் பிளவு மட்டும் விட்டு, முட்டையிட்டு அடைகாக்கும். ஆண் பறவை பழங்களைக் கொணர்ந்து அப்பிளவின் வழியே ஊட்டும். ஆண் இறந்துபடின் அகத்துள்ள தாய்க்கும் குஞ்சுக்கும் உயிர்வாழ்தல் அரிது. அது தொலைவிற் கொண்டு சென்று உதிர்க்கும் விதைகளால் புதிய மரங்கள் முளைக்கின்றன. ஆதலின் இருவாசி குறையின் காடும் குறையும்.

கேரளத்து வாழச்சாற் காடுகளில், முன்பு இக்கூடுகளைத் தேடிக் குஞ்சுகளை எடுத்துவந்த காடரே, பின்னர் அவற்றின் காவலராய் அமைந்தனர். எம்மரத்தில், எப்பருவத்தில் கூடு அமையும் என்பதை அவரினும் நன்கறிந்தார் யாவர்? வேட்டைக்குப் பயன்பட்ட அறிவே காவலுக்கும் பயன்பட்டது. அவரை மலையினின்று இறக்கியிருப்பின் அவ்வறிவும் உடன் இறங்கியிருக்கும்.

உரிமை வழக்கு

எனினும், காப்பகம் என்னும் பெயர் காடர்க்கு எப்போதும் காப்பாய் அமையவில்லை. 1882-ஆம் ஆண்டுச் சென்னைக் காட்டுச் சட்டம், தலைமுறை தலைமுறையாய்த் துய்த்த நிலத்தில் அவரை அரசின் இசைவு பெற்று வாழ்வோராக்கியது. பரம்பிக்குளம் பகுதியில் 1960-களில் எழுந்த அணைகளால், கொங்குநாட்டு வயல்கள் நீர்பெற்றன. காடர் குடியிருப்புக்கள் சில இடம்பெயர்ந்தன. கீழ்நாட்டார் பெற்ற நீரின் விலையில் ஒரு பங்கை மலைநாட்டார் செலுத்தினர் என்பதை நாம் மறத்தல் ஆகாது.

2006-இல் இயற்றப்பட்ட வன உரிமைச் சட்டம் இவ்வரலாற்றில் ஒரு திருப்பம். அது வாழும் நிலத்துக்குத் தனியுரிமையும், காட்டைப் பொதுவாகத் துய்த்துக் காக்கும் ஊருரிமையும் வழங்குகின்றது. வாழச்சாலில் ஒன்பது காடர் குடியிருப்புக்கள் 2014-இல் அத்தகைய ஊருரிமை பெற்றன. ஆனைமலையின் கல்லார்க்குடி மக்களோ, 2019-இல் பெருமழையால் நிலம் சரிந்து குடில்களை இழந்து, அண்மையிலுள்ள தெப்பக்குள மேட்டிற் குடியேற விரும்பியபோது தடுக்கப்பட்டனர். நெடிது போராடிய பின்னரே 2021-இல் அவர்க்கு நிலவுரிமை கிடைத்தது. சட்டம் ஏட்டில் இருத்தல் வேறு, குடிலின் வாயிலை வந்தடைதல் வேறு என்பதற்கு இதுவே சான்று.

நம் பக்கத்து மலை

இங்கு ஓர் ஐயம் எழும். பழங்குடியினர் என்றும் பழமை மாறாது வாழ்வரோ? சந்தை அழைத்தால் அவரும் மாறாரோ? இவ்வினாவிற்கு விடையை நாமக்கல் நாட்டினராகிய நாம் தொலைவிற் சென்று தேட வேண்டுவதில்லை. வல்வில் ஓரி ஆண்ட கொல்லிமலையில் வாழும் மலையாளி மக்கள், தினையும் சாமையும் கேழ்வரகும் விளைத்துக் கோயிற்காடுகளைத் தீண்டாது காத்து வந்தவர். சேலம், நாமக்கல் பகுதிச் சவ்வரிசி ஆலைகள் மரவள்ளிக் கிழங்கை விலைகொடுத்து வாங்கத் தொடங்கவே, சிறுதானியம் விளைந்த கொல்லைகள் பல மரவள்ளிக் கொல்லைகளாயின. சிறுதானியம் குற்றும் பெருவருத்தம் பெண்டிர்க்கே உரியதாயிருந்தமையும் இம்மாற்றத்துக்கு ஒரு காரணம். பின்னர் எம். எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தார் ஊர்தோறும் விதை சேமித்தும், தானியம் அரைக்கும் பொறிகளை நிறுவியும் பழைய பயிர்களை மீட்க முயன்றனர்.

இதனால் அறியப்படுவது யாது? மலைமக்கள் மரபினால் மட்டும் காடு நிலைபெறாது. அம்மரபின்படி வாழ்வார்க்கு உரிமையும், விளைபொருட்கு நேரிய விலையும், உடலுழைப்பிற் சிறிது எளிமையும் வேண்டும். இவற்றை மறுத்துவிட்டு, பழமையைக் கைவிட்டனர் என்று அவரைப் பழித்தல் முறையன்று.

முடிவுரை

பரமத்தி வேலூரின் வெற்றிலைக் கொடிக்கால்களிலும் வாழைத் தோட்டங்களிலும் பாயும் காவிரியில், நீலகிரியிற் பிறந்து அட்டப்பாடி வழியாய் வளைந்து வரும் பவானியின் நீரும் உண்டு. கொடிக்காலிலே கொடியும், அதற்கு நிழல் தரும் அகத்தியும், நாள்தோறும் நீர் விடும் உழவனும் ஒருங்கே இருத்தல் வேண்டும். ஒன்றை நீக்கின் மற்றவை வாடும். மலைக்காடும் அத்தகையதே. மரத்தையும் மாவையும் மக்களையும் ஒரே நிரலில் எண்ணிய நம் இலக்கணத்தைத் தேர்வுக்கு மட்டும் கற்று விடாது, நாடாள்வோர் வகுக்கும் சட்டத்தையும் அவ்வுரைகல்லில் உரைத்துப் பார்ப்பது, தமிழ் கற்கும் நம்மனோர் கடனாகும்.