புலனாய்வுச் செய்தி எழுத வரும் பிள்ளைகளுக்கு

இத்தாலியின் 'லெஸ்ப்ரெஸோ' வார இதழ் 1955 அக்டோபரில் ரோமில் தொடங்கப்பட்டது. அர்ரிகோ பெனெதெத்தியும் எவுஜேனியோ ஸ்கால்ஃபாரியும் அதை உருவாக்கினார்கள். புலனாய்வுக்கு வரும் எல்லோரும் அதன் வரலாற்றைப் படிக்க வேண்டும். ஒரு பத்திரிகை எதனால் நிமிர்கிறது, எங்கே சறுக்குகிறது என்ற இரண்டுமே அதில் இருக்கின்றன.

1. காலடியில் இருப்பதை முதலில் தோண்டுங்கள். இதழ் தொடங்கிய மூன்றாம் மாதமே மான்லியோ கன்கோனி ரோம் நகரத்து மனை வணிகத்தைக் கையில் எடுத்தார். வாத்திக்கன் பங்கு வைத்திருந்த இம்மொபிலியாரே என்ற கட்டுமான நிறுவனத்துக்கும் மாநகராட்சிக்கும் இருந்த நெருக்கத்தை எழுதினார். தலைநகரின் ஊழல் நாட்டுக்கே தொற்றுகிறது என்பதுதான் தலைப்பின் பொருள். நிறுவனம் அவதூறு வழக்குப் போட்டது. இதழின் பெயரும் நிலைத்தது.

2. பணம் எங்கிருந்து வருகிறது என்று தெரிந்துகொள்ளுங்கள். இதழுக்கு முதலில் பணம் போட்டவர் தட்டச்சு இயந்திரத் தொழிலதிபர் அத்ரியானோ ஒலிவெத்தி. அவருடைய இயந்திரங்களை வாங்கியவர்களில் அரசு அலுவலகங்களும் உண்டு. இதழின் செய்திகளால் அந்தப் பக்கமிருந்து வந்த நெருக்கடி முற்றியதும், 1956இல் தன் பெரும்பான்மைப் பங்கைக் கார்லோ கராச்சொலோவிடம் ஒப்படைத்து விலகினார். நல்ல மனம் படைத்த முதலாளிக்கும் வேறு தொழில் இருந்தால், அந்தத் தொழில் வழியாகப் பத்திரிகையின் கழுத்தை நெரிக்கலாம்.

3. எழுதும்போதே வழக்குக்குத் தயாராகுங்கள். 1964இல் ராணுவப் போலீஸ் தலைவராக இருந்த ஜெனரல் தெ லோரென்ஸோ, அரசியல் தலைவர்களைக் கைதுசெய்ய ரகசியத் திட்டம் வைத்திருந்ததாக ஸ்கால்ஃபாரியும் லீனோ யன்னுட்சியும் 1967இல் எழுதினார்கள். ஜெனரல் வழக்குத் தொடுத்தார். ஆவணங்களின் பல பகுதிகள் அரசு ரகசியம் என்று மறைக்கப்பட்டன. அரசு வழக்கறிஞரே விடுதலை கோரியும் இருவருக்கும் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. 1968 தேர்தலில் வென்று நாடாளுமன்றம் சென்றதால்தான் சிறைக்குப் போகாமல் தப்பினார்கள். உங்களுக்கு அப்படியொரு வழி திறக்காது. ஆகவே ஆவணத்தின் நகல் கைக்கு வராமல் அச்சுக்குப் போகாதீர்கள்.

4. தலைப்பில் சொல்லை அளந்து போடுங்கள். அதே விவகாரத்தில் இதழ் 'ஆட்சிக்கவிழ்ப்பு' என்று தலைப்பிட்டது. பிறகு அமைந்த நாடாளுமன்ற விசாரணைக் குழுவின் பெரும்பான்மை, திட்டம் இருந்ததை ஏற்றது. அந்தச் சொல்லை ஏற்கவில்லை. கண்டுபிடித்தது எவ்வளவோ அவ்வளவே எழுதுங்கள்.

5. எதிராளி வீழ்ந்ததை நிரூபணம் என்று எண்ணாதீர்கள். இதழின் புகழ்பெற்ற எழுத்தாளர் கமீலா செதெர்னா, குடியரசுத் தலைவர் ஜோவான்னி லியோனேயைக் கடுமையாகக் குற்றஞ்சாட்டி 1978இல் நூல் எழுதினார். அந்த ஆண்டு ஜூனில் லியோனே பதவி விலகினார். ஆனால் அவதூறு வழக்கில் தோற்றவர் செதெர்னா. ஒரு மனிதரின் மானம் போனபின் திருத்தம் வெளியிட்டு அதை மீட்க முடியாது.

6. பெரிய வேலையைப் பகிர்ந்து செய்யுங்கள். 2016இல் பனாமா ஆவணங்கள் வெளிவந்தபோது, 1 கோடிக்கும் மேற்பட்ட கோப்புகளைப் பல நாட்டுச் செய்தியாளர்கள் சேர்ந்து படித்தார்கள். இத்தாலியில் அந்தப் பொறுப்பை ஏற்றது லெஸ்ப்ரெஸோ. முந்திக்கொள்ளும் ஆசையை அடக்கியவர்களால்தான் அது நடந்தது.

துணிச்சல் உங்களிடம் ஏற்கெனவே இருக்கும். இல்லாவிட்டால் இந்த வேலைக்கு வந்திருக்க மாட்டீர்கள். பொறுமையை மட்டும் பழகிக்கொள்ளுங்கள். சரிபார்க்காத ஒரு வரியைக்கூட உங்கள் பெயரில் வெளியே விடாதீர்கள்.