வீட்டுத்தோட்டத்தில் ஒரு தேனீப் பெட்டி

"தேனீயா? வேணாங்க, மலையில குளவி கொட்டுறதே போதும்!" தேனீ வளர்ப்பைப் பற்றிப் பேச்செடுத்தால் நம் தோட்டங்களில் முதலில் வரும் பதில் இதுதான். பயத்தில் நியாயம் இருக்கிறது. கொழுந்து பறிக்கும்போது குளவி கொட்டி உயிரிழந்தவர்கள் நம்மிடையே உண்டு.

ஆனால் நாம் குளவி என்று சொல்வது பல நேரம் பெருந்தேனீ. சிங்களத்தில் 'பம்பரா' என்பார்கள். உயர்ந்த கிளையிலும் பாறையிலும் வெட்டவெளியில் ஒரே ஒரு பெரிய அடை கட்டும். அது பெட்டியில் தங்காது. அதைச் சீண்டவே கூடாது. வளர்க்கும் தேனீ சிறியது. மரப்பொந்து போன்ற இருட்டான இடத்தில் பல அடைகளை வரிசையாகக் கட்டும். அதனால்தான் பெட்டியிலும் குடியிருக்கிறது.

தேனீயைப் பிடிப்பதை விட, ஓடிப்போகாமல் வைத்திருப்பதுதான் பெரிய வேலை. அதற்கான வழிகளைப் பார்ப்போம்.

1. கூட்டம் பிடித்தல்: பழைய மண்பானையின் உட்புறம் தேன்மெழுகைத் தடவி, நிழலான மரத்தில் கட்டித் தொங்கவிடுங்கள். பிரிந்து வரும் கூட்டம் அதில் குடியேறலாம். அடை கட்டிய பிறகு, பழகியவர் ஒருவரை வைத்துப் பெட்டிக்கு மாற்றுங்கள். ராணி வராவிட்டால் கூட்டம் நிலைக்காது.

2. இடம்: லயத்து இஸ்தோப்பு, நடைபாதை, பிள்ளைகள் விளையாடும் இடம் ஆகியவற்றுக்குத் தள்ளி வையுங்கள். காற்று மறைவும் காலை வெயிலும் வேண்டும். பக்கத்து வீட்டாரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

3. எறும்பு: பெட்டி நிற்கும் கால்களைத் தண்ணீர் ஊற்றிய டின்களில் வையுங்கள். பெட்டியின் அடித்தட்டைக் கூட்டிச் சுத்தமாக வைத்தால் மெழுகுப்பூச்சியும் குறையும்.

4. மழைக்காலம்: பூ இல்லாத நாளில் தேனீ பட்டினி கிடக்கும். ஒரு கோப்பை சீனியை ஒரு கோப்பை சுடுநீரில் கரைத்து, ஆறவைத்து, அந்தி நேரத்தில் பெட்டிக்குள் வையுங்கள்.

5. மருந்து: பூத்திருக்கும் செடிக்குக் காலையில் மருந்து அடிக்காதீர்கள். மலைக்கு மருந்து அடிக்கும் நாளைக் கணக்கப்பிள்ளையிடம் முன்கூட்டியே கேட்டு வையுங்கள்.

6. தேன் எடுத்தல்: மேல்தட்டில், மெழுகால் மூடிய அடையில் மட்டும் எடுங்கள். கீழ்த்தட்டில் முட்டையும் புழுவும் இருக்கும். அதைத் தொடாதீர்கள். "இருக்கிறதெல்லாம் எடுத்துருவோம்" என்று வழித்தெடுத்தால் அடுத்த வாரம் பெட்டி காலியாகிவிடும்.

கொட்டினால் கொடுக்கை உடனே நகத்தால் சுரண்டி எடுங்கள். முகம் வீங்கினாலோ மூச்சுத் திணறினாலோ தாமதிக்காமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கள்.

இன்னொரு முக்கிய விஷயம். பிறந்த குழந்தையின் நாக்கில் தேன் தடவும் வழக்கம் சில வீடுகளில் உண்டு. ஒரு வயது முடியும்வரை குழந்தைக்குத் தேன் கொடுக்கவே கூடாது. தேனில் இருக்கக்கூடிய ஒருவகைக் கிருமி பச்சைக் குழந்தையின் உடலைத் தளரவைத்து, மூச்சையே பாதிக்கும்.

தேன் மட்டுமே லாபம் இல்லை. பூசணியிலும் சௌசௌவிலும் ஆண் பூ வேறு, பெண் பூ வேறு. மகரந்தத்தைக் கொண்டு சேர்ப்பது தேனீதான். தேனீ வந்து போகும் தோட்டத்தில் காயும் நன்றாகப் பிடிக்கும்.

முதலில் ஒரே ஒரு பெட்டியோடு தொடங்குங்கள். பண்டாரவளை பிந்துனுவெவயில் விவசாயத் திணைக்களத்தின் தேனீ வளர்ப்புப் பிரிவு இருக்கிறது. அங்கே விசாரித்தால் வழிகாட்டுவார்கள்.