பிறப்புச் சான்றிதழின் சான்றிட்ட நகல்

பிறப்புச் சான்றிதழ் தொலைந்துபோனால் கலங்க வேண்டியதில்லை. நம் கையில் இருந்தது பதிவேட்டின் நகலே. மூலப் பதிவு பதிவாளரிடம் உள்ளது. அதிலிருந்து மீண்டும் ஒரு சான்றிட்ட நகலைப் பெறலாம்.

குழந்தை பிறந்த இடத்திற்குரிய பிறப்பு, இறப்புப் பதிவாளரிடமே விண்ணப்பிக்க வேண்டும். தாயின் பிறந்தகத்தில் மகப்பேறு நிகழ்ந்திருந்தால், பதிவு அவ்வூரில்தான் இருக்கும். இப்போது குடியிருக்கும் ஊரில் இராது. பிறந்த நாள், இடம், பெற்றோர் பெயர், தெரிந்தால் பதிவு எண் ஆகியவற்றைக் குறிப்பிட்டு, உரிய கட்டணத்தைச் செலுத்துக. பழைய சான்றிதழின் ஒளிநகலில் வேறோர் அதிகாரி பெறும் மேலொப்பம் இதற்கு ஈடாகாது.

பதிவேட்டில் உள்ளதையே நகல் காட்டும் என்பதை மறவாதீர். பிறந்த 21 நாட்களுக்குள் பிறப்பைத் தெரிவிக்க வேண்டியிருப்பதால், பல குழந்தைகளின் பிறப்பு பெயரின்றியே பதிவாகிறது. பதிவான நாளிலிருந்து 12 மாதங்களுக்குள் பெயரைக் கட்டணமின்றிச் சேர்க்கலாம்; அதன்பின் 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணம் செலுத்திச் சேர்க்கலாம்.

செல்வமகள் சேமிப்புக் கணக்கை மகளுக்கு 10 வயது நிறையுமுன் தொடங்கிவிட வேண்டும். அதற்குப் பிறப்புச் சான்றிதழ் தேவை. 2023 அக்டோபர் 1 முதல் பிறந்தோருக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம் முதலியவற்றிலும் பிறந்த நாளுக்கு இதுவே சான்று. ஆதலின், நகலைப் பெற்றவுடன் பெயரையும் எழுத்துகளையும் தேதியையும் சரிபாருங்கள். பிழை இருப்பின், அப்பதிவாளரிடமே திருத்தத்திற்கு விண்ணப்பியுங்கள்.