ஆச்சி வீட்டு மீனாட்சி கல்யாணம்

கேள்வி: கல்லூரியில் ஓவிய வரலாறு படிக்கிறேன். இப்போது போருக்குப் பிந்தைய பாரிஸ் ஓவியர்கள்தான் பாடம். எங்கள் ஆச்சி வீட்டில் கண்ணாடி போட்ட மீனாட்சி கல்யாணக் காலண்டர் படம் ஒன்று இருக்கிறது. “இதை வரைஞ்சவரு நம்ம கோவில்பட்டியிலதான் இருந்தாரு” என்கிறார் ஆச்சி. உண்மையா ஐயா? காலண்டர் படத்தை ஓவியம் என்று சொல்லலாமா?
– வாசகி, பசுவந்தனை

பதில்: ஆச்சி சொல்வது சரியாகவே இருக்கும். படத்தின் கீழ் ஓரத்தைப் பாருங்கள். சி.கொண்டையராஜு என்ற கையெழுத்து இருக்கலாம், டி.எஸ்.சுப்பையா, எம்.ராமலிங்கம் போன்ற சீடர்களில் ஒருவருடைய பெயரும் சேர்ந்திருக்கலாம். குருவும் சீடரும் ஒரே படத்தில் வேலை செய்து இருவருமாகக் கையெழுத்திடுவது கோவில்பட்டியில் வழக்கமாக இருந்தது.

கொண்டையராஜு 1898இல் மயிலாப்பூரில் பிறந்தவர். சென்னை ஓவியப் பள்ளியில் ஐரோப்பிய முறையில் பயின்றார். திருவண்ணாமலை ரமணாசிரமத்தில் சிலகாலம் இருந்தார். பிறகு நாடகக் கம்பெனியில் சீன் வரையப் போனார். அந்தக் கம்பெனி கோவில்பட்டியில் கலைந்தது. அவர் அங்கேயே தங்கிவிட்டார். 1940களில் தேவி ஆர்ட் ஸ்டூடியோவைத் தொடங்கினார். 1976இல் காலமாகும்வரை அவருக்குக் கோவில்பட்டிதான் ஊர்.

அதே காலத்தில்தான், 1944இல், பாரிஸில் ஓவியர் ழான் துபுஃபேயின் முதல் தனிக் கண்காட்சி நடந்தது. பள்ளிக்கூட ஓவியத்தை உதறிவிட்டு, பயிற்சியே இல்லாதவர்களின் கிறுக்கலில் உயிரைத் தேடியவர் துபுஃபே. கொண்டையராஜு கற்றதை உதறவில்லை. ஓவியக் கூடத்துக்குள் காலே வைக்காத சம்சாரி வீட்டுச் சுவருக்கு அதைக் கொண்டுவந்தார். வகுப்பில் இந்த இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பேசிப் பாருங்கள்.

காலண்டர் படம் ஓவியமா என்ற கேள்விக்கு என் பதில்: ஓவியமேதான். கொண்டையராஜு வரைந்தது சிவகாசி அச்சகங்களுக்காக. லித்தோ முறையில் ஒவ்வொரு வண்ணத்துக்கும் தனித்தனித் தகடு வேண்டும். அச்சில் கலங்காமல் நிற்க, கோடு துல்லியமாகவும் நிறம் பளிச்சென்றும் இருக்க வேண்டும். ரவிவர்மா எண்ணெய் வண்ணத்தில் நிழலை அடர்த்தியாக ஏற்றினார். கோவில்பட்டிப் படங்களில் தெய்வத்தின் முகத்தில் இருட்டே விழாது. கும்பிடுகிறவர் முகத்தைத் தேடுவார் என்று தெரிந்து வரைந்தது அது. பின்னணியில் தூண்கள், தோட்டம், மலை என்று ஒன்றன்பின் ஒன்றாக விலகிப்போவதைக் கவனித்தால், பழைய நாடகத் திரைச்சீலை தெரியும். ஆசிரமம், மேடை, அச்சகம் மூன்றும் கூடாமல் இந்தப் பாணி பிறந்திருக்காது. அவர் கையால் தீட்டிய அட்டையைவிட, ஆச்சி தினமும் பூ வைக்கிற பிரதிதான் அந்த ஓவியம் முழுமையடைந்த இடம் என்று நான் நினைக்கிறேன்.

ஒரு வேண்டுகோள். கண்ணாடி உடைந்தாலோ படம் மங்கினாலோ நம் பக்கத்தில் கோயில் மரத்தடியில் வைத்துவிடுவார்கள். அப்படிச் செய்ய விடாதீர்கள். சட்டத்துக்குள் கரையான் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். குங்குமத்தைப் படத்தில் இடாமல் கண்ணாடிமேல் இடச் சொல்லுங்கள். வெயில் படும் சுவரிலிருந்து மாற்றிவிடுங்கள். லேமினேஷன் வேண்டாம். காலண்டரில் கடைப் பெயரும் ஆண்டும் அச்சாகியிருந்தால் அதை வெட்டாமல் புகைப்படம் எடுத்துக்கொள்ளுங்கள். பசுவந்தனையில் அடுத்த வீடுகளிலும் கேளுங்கள். எந்தக் கடையில், எந்தப் பொங்கலுக்கு, யார் கொடுத்த படம் என்று பெரியவர்கள் சொல்வதை எழுதி வையுங்கள். ஓர் ஆய்வேட்டுக்கு அதுவே போதும்.